கோத்தகிரி ஓடையோரப் பூ யீஷூன் வீட்டில் பூக்குமா?

சீனப் புத்தாண்டு நெருங்கும் வாரங்களில் செடிக் கடைகளின் முன்வரிசையில் கலா லில்லித் தொட்டிகள் வந்து நிற்கும். புனல் போல மடிந்த ஒற்றை இதழ், நடுவில் மஞ்சள் விரல் ஒன்று நீட்டிக்கொண்டிருக்கும். வெள்ளை, இளஞ்சிவப்பு, மஞ்சள், கத்திரிக்காய் நிறம் என்று பல வண்ணங்கள். வாங்கி வந்து வாசலில் வைத்தால் இரண்டு வாரம் அழகாக இருக்கும். மூன்றாவது வாரம் தண்டு சாயும். ஐந்தாவது வாரம் தொட்டி குப்பைக்குப் போகும். அக்கம்பக்கத்தில் கேட்டுப் பாருங்கள், பெரும்பாலும் இதே கதையைத்தான் சொல்வார்கள். "எனக்குக் கை ராசி இல்லை" என்று வேறு சொல்லிக்கொள்வார்கள். கை ராசிக்கும் இதற்கும் தொடர்பில்லை.

நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். என் மாமியார் கோத்தகிரிப் பக்கம் வளர்ந்தவர். எங்களோடு யீஷூனில் வந்து தங்கிய முதல் ஆண்டு, ஒரு செடிக் கடையில் இந்தப் பூவைப் பார்த்து நின்றுவிட்டார். பெயரெல்லாம் அவருக்குத் தெரியாது. "எங்க ஊர் ஓடைக்கரையில தானா நிக்கும். மாடு கூட வாய் வைக்காது. இதுக்கா காசு?" என்றார். தொட்டியின் விலை 30 வெள்ளிக்குப் பக்கம். அவர் வேண்டாம் என்றுதான் சொன்னார். ஆனால் கடையை விட்டு வரும்போது இரண்டு முறை திரும்பிப் பார்த்தார். அன்று வாங்கியதுதான் முதல் தொட்டி. அது செத்தது. மறு ஆண்டு வாங்கிய கிழங்கு அழுகியது. மூன்றாவது முயற்சியில்தான் பூ பார்த்தோம். இடையில் நான் கற்றுக்கொண்டதை, இந்தச் செடிக்குக் காசு செலவழிக்க நினைப்பவர்களுக்காக எழுதுகிறேன்.

சேம்பின் உறவு

கலா லில்லியைப் புரிந்துகொள்ள எளிய வழி தேக்கா ஈரச்சந்தைக்குப் போவது. அங்கே காய்கறிக் கடைகளில் மண் ஒட்டிய சேப்பங்கிழங்கும் சேனைக்கிழங்கும் குவித்து வைத்திருப்பார்கள். இவையும் கலா லில்லியும் ஒரே தாவரக் குடும்பம். பெயரில் லில்லி இருக்கிறதே தவிர, உண்மையான லில்லிக்கும் இதற்கும் உறவில்லை. சுவீடன் அறிஞர் லின்னேயஸ் 1753ல் இதற்குக் கலா என்று பெயர் வைத்தார். பிறகு 1826ல் ஜெர்மானியத் தாவரவியலாளர் ஸ்ப்ரெங்கல் இதைத் தனிப் பிரிவாக்கி, ஸான்டெடெஷியா என்று மாற்றினார். கடைக்காரர்கள் பழைய பெயரை விடவில்லை.

நாம் பூ என்று சொல்லும் அந்த வெள்ளைப் புனலும் உண்மையில் பூ அல்ல, நிறம் மாறிய ஓர் இலை. நடுவில் இருக்கும் மஞ்சள் விரலில்தான் பொடிப் பொடியாக நூற்றுக்கணக்கான பூக்கள் ஒட்டியிருக்கின்றன. மேற்பகுதியில் ஆண் பூக்கள், அடியில் பெண் பூக்கள். நம் வீடுகளில் இருக்கும் மணிபிளாண்ட், அந்தூரியம், மான்ஸ்டெரா எல்லாமே இந்தக் குடும்பம்தான்.

சொந்த ஊர் தென்னாப்பிரிக்காவும் அதன் அண்டை நாடுகளும். அங்கே சதுப்பிலும் ஓடையோரத்திலும் காடாக வளரும். ஆப்பிரிக்கான்ஸ் மொழியில் அதற்குப் பன்றிக் காது என்று ஒரு பெயர். முள்ளம்பன்றிகள் அதன் கிழங்கைத் தோண்டித் தின்னும். பிரிட்டிஷ் காலத்தில் அலங்காரச் செடியாக நீலகிரிக்கு வந்தது, தோட்டத்தை விட்டு வெளியேறி ஈர நிலங்களில் பரவிவிட்டது. இப்போது அங்கே இயற்கைப் பாதுகாப்பு ஆர்வலர்கள் இதைப் பிடுங்கப் பார்க்கிறார்கள். மேற்கு ஆஸ்திரேலியாவிலும் இது களைதான். ஐரோப்பாவிலோ கல்யாணத்துக்கும் இதே பூ, சாவுக்கும் இதே பூ. மெக்சிகோ ஓவியர் டியேகோ ரிவேரா இதை முதுகில் சுமந்து விற்கும் மக்களைத் திரும்பத் திரும்ப வரைந்தார்.

ஓர் ஊரில் களை, இன்னோர் ஊரில் 30 வெள்ளி. காரணம் குளிர்.

இரவுதான் பிரச்சினை

சேம்பு சிங்கப்பூரில் எங்கே போட்டாலும் முளைக்கும். வெயிலும் ஈரமும் அதற்குக் கொண்டாட்டம். கலா லில்லிக்கு ஈரம் பிடிக்கும், வெப்பம் ஆகாது. பகலில் 18லிருந்து 25 டிகிரி, இரவில் அதைவிடக் குறைவு. இதுதான் அது விரும்பும் சூழல். கோத்தகிரி கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,800 மீட்டர் உயரம், உதகை 2,240 மீட்டர். சிங்கப்பூரின் ஆண்டுச் சராசரி வெப்பநிலை 28 டிகிரியை ஒட்டியே இருக்கிறது. பகலில் 31லிருந்து 33 வரை போகும். அது கூடப் பரவாயில்லை, நிழலில் வைத்துச் சமாளித்துவிடலாம். இரவில் 24, 25க்குக் கீழே இறங்குவதே அபூர்வம் என்பதுதான் பெரிய தடை.

செடி பகலில் வெளிச்சத்தைக் கொண்டு உணவு தயாரிக்கிறது, இரவில் சுவாசித்து அதில் ஒரு பங்கைச் செலவழிக்கிறது. இரவு எவ்வளவு சூடோ அவ்வளவு செலவு. மலையில் இரவு குளிர்ந்து செலவு குறைவதால் கிழங்கு கொழுக்கும். இங்கே பகலில் சம்பாதித்ததை இரவில் தின்றுவிடுகிறது. செடி நெட்டையாகி, தண்டு மெலிந்து, நிறம் வெளுத்து, இதழில் பச்சை ஏறும். மாதக் கடைசியில் நம் வங்கிக் கணக்கு போல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டாவது எதிரி ஒரு பாக்டீரியா. உருளைக்கிழங்கையும் முட்டைக்கோசையும் கூழாக்கும் அதே மென்னழுகல் நோய்தான் கலா லில்லிக் கிழங்கையும் தாக்குகிறது. சூடும் ஈரமும் சேர்ந்த மண் அதற்கு மெத்தை போட்ட மாதிரி. நேற்று நன்றாக நின்ற செடி இன்று காலை அடியோடு சாய்ந்து கிடக்கும். தொட்டால் வழவழப்பு, மோந்தால் குமட்டும். எனது இரண்டாவது கிழங்கு அப்படித்தான் போனது. கடையில் கேட்டபோது பூஞ்சைக்கொல்லி ஒரு பொட்டலம் கொடுத்தார்கள். இது பூஞ்சை அல்ல, பாக்டீரியா. அந்த மருந்தால் ஒன்றும் ஆகாது. அழுகத் தொடங்கியதைக் காப்பாற்ற முடியாது. மண்ணோடு சேர்த்துப் பையில் கட்டிக் குப்பையில் போட்டுவிட்டு, தொட்டியையும் கத்தியையும் நன்றாகக் கழுவி வெயிலில் காயவைப்பதுதான் வழி. சமூகத் தோட்டத்தின் உரக்குழியில் மட்டும் போட்டுவிடாதீர்கள், மற்றவர்களின் செடிக்கும் பரவும்.

"குளிர்சாதன அறையில் வைத்தால் என்ன?" என்று பலர் கேட்பார்கள். ஓரளவு உதவும். இரவில் குளிர்சாதனம் ஓடும் அறையின் சன்னலோரம், காலை வெயில் இரண்டு மூன்று மணி நேரம் படும் இடமானால் நல்லதுதான். ஆனால் காற்று நேராகச் செடி மேல் வீசினால் இலை ஓரம் கருகும். அறை மூலையில் வெளிச்சமில்லாமல் வைத்தால் குளிர் இருந்தும் பயனில்லை.

எதை வாங்குவது

கடையில் கலா லில்லி என்ற ஒரே பெயரில் இரண்டு வகைகள் விற்கப்படுகின்றன. இந்த வேறுபாடு தெரியாததால்தான் என் முதல் இரண்டு முயற்சிகளும் வீணாயின.

என் மாமியார் கேட்ட பெரிய வெள்ளைப் பூ ஒரு வகை. அது மஞ்சள், இஞ்சி போல மண்ணுக்குள் படரும் தண்டுக்கிழங்கு கொண்டது. எப்போதும் ஈரம் வேண்டும், குளத்தின் விளிம்பில் தண்ணீருக்குள்ளேயே கூட நிற்கும். அழுகல் நோயைத் தாங்கும் சக்தியும் இதற்குச் சற்றுக் கூடுதல். அதனால் சிங்கப்பூரில் இதை உயிரோடு வைத்திருக்க முடியும். ஆனால் பூப்பதற்குக் குளிர்ச்சி வேண்டும் என்பதால் இலை தழைக்கும், பூ அரிது. ஆண்டு முழுவதும் பச்சை இலையைப் பார்த்துக்கொண்டிருக்க நமக்குச் சேம்பே போதுமே.

மஞ்சள், இளஞ்சிவப்பு, ஊதா என்று வண்ணங்களில் வருபவை இன்னொரு வகை. இவை வேறு சில இனங்களைக் கலந்து உருவாக்கிய கலப்பினங்கள். நியூசிலாந்திலும் நெதர்லாந்திலும் இவற்றைப் பெரிய அளவில் வளர்த்து ஏற்றுமதி செய்கிறார்கள். தட்டையான உருண்டைக் கிழங்கு, பார்ப்பதற்குக் காய்ந்த சேப்பங்கிழங்கை அமுக்கி வைத்த மாதிரி இருக்கும். இந்த வகை அழுகலுக்கு எளிதில் பலியாகும். ஆனால் இதற்கு ஒரு வசதி உண்டு. பூவுக்கான உணவைக் கிழங்கு ஏற்கெனவே சேமித்து வைத்திருக்கிறது. நல்ல கிழங்காகக் கிடைத்தால் நட்ட இரண்டு மூன்று மாதத்தில் பூக்கும். அந்த இரண்டு மூன்று மாதம் அழுகாமல் காப்பாற்றினால் போதும். சிங்கப்பூரில் பூ பார்க்க வேண்டுமானால் இந்த வகைதான்.

பூத்த நிலையில் தொட்டியாக வாங்குவதாக இருந்தால் அதை வேரோடு கூடிய பூங்கொத்து என்று நினைத்துக்கொள்ளுங்கள். மூன்றிலிருந்து ஆறு வாரம் வரை வைத்து ரசிக்கலாம். அதன் குட்டையான உருவம் கூடப் பெரும்பாலும் வளர்ச்சியைக் கட்டுப்படுத்தும் மருந்தால் வந்தது. அடுத்த ஆண்டும் அதே போல் நிற்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம்.

ஊருக்குப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. "அடுத்த தடவை போறப்ப ஒரு கிழங்கப் பெட்டிக்குள்ள போட்டு எடுத்துட்டு வா" என்று என் மாமியாரும் சொன்னார். முடியாது என்றேன். வெளிநாட்டிலிருந்து செடி, கிழங்கு, மண் கொண்டுவருவதற்குத் தேசியப் பூங்காக் கழகத்தின் விதிமுறைகள் உண்டு. நீலகிரியில் ஒரு செடி ஓடையை விட்டு ஓடையாகப் பரவியதைப் பார்த்த பிறகு அந்த விதிமுறைகளின் அருமை புரியும்.

நவம்பரில் நடுங்கள்

சிங்கப்பூருக்கென்று குளிர்காலம் இல்லாவிட்டாலும், வடகிழக்குப் பருவமழை வலுக்கும் டிசம்பர், ஜனவரியில் வெப்பம் சற்றுத் தணியும். தொடர்ந்து மழை பெய்யும் சில நாள்களில் இரவு 22, 23 டிகிரிக்குக் கூட இறங்கும். அந்த இரண்டு மாதத்தைப் பயன்படுத்திக்கொள்ள வேண்டும். நவம்பரில் நட்டால் இலை விடும் பருவம் மழைக்காலத்தோடு பொருந்தும், ஜனவரிக் கடைசியிலோ பிப்ரவரியிலோ மொட்டு வரும். மார்ச்சில் நட்டால் ஏப்ரல், மே வெயிலில் செடி வதங்கிப்போகும்.

கிழங்கைக் கையில் எடுத்துப் பாருங்கள். கனமாகவும் கெட்டியாகவும் இருக்க வேண்டும். அமுக்கினால் உள்வாங்கினால் வேண்டாம். வெட்டுக்காயம், கரும்புள்ளி இருந்தாலும் வேண்டாம், காயத்தின் வழியாகத்தான் நோய் நுழையும். ஒரு பக்கம் வழுவழுப்பாகவும் இன்னொரு பக்கம் முண்டு முண்டாக முளைக்கண்களோடும் இருக்கும். கண் இருக்கும் பக்கம் மேலே. சேப்பங்கிழங்கு முளைத்துப் பார்த்திருப்பவர்களுக்கு இதில் குழப்பமே வராது.

20 சென்டிமீட்டர் அகலமுள்ள மண் தொட்டி ஒரு கிழங்குக்குப் போதும். பிளாஸ்டிக் தொட்டியைவிட மண் தொட்டி மேல், அதன் சுவர் வழியாக ஈரம் ஆவியாகிக் கிழங்கு சற்றுக் குளிர்ச்சியாக இருக்கும். நம் பாட்டிமார் பானைத் தண்ணீரைக் குளிர வைத்த அதே முறை. அடியில் ஓட்டை கட்டாயம்.

கடையில் விற்கும் கறுப்புத் தொட்டி மண்ணை மட்டும் நிரப்பினால் ஒரு மாதத்தில் இறுகிவிடும். நான் செய்தது இது: தொட்டி மண் ஒரு பங்கு, தென்னை நார்த்தூள் ஒரு பங்கு, பெர்லைட் ஒரு பங்கு. பெர்லைட் கிடைக்காவிட்டால் நொறுக்கிய எரிமலைக் கல் போடலாம். கைப்பிடி எடுத்து அமுக்கினால் உருண்டையாக நின்று, தட்டினால் உதிர வேண்டும். மட்காத உரம், சமையலறைக் கழிவு, மீன் கழிவு எதையும் சேர்க்காதீர்கள். மிளகாய்க்கும் வெண்டைக்கும் அது நல்லது, இதற்கு அழுகலை அழைத்து விருந்து வைப்பது போல.

கிழங்கின் மேல் நான்கைந்து சென்டிமீட்டர் மண் இருக்கும்படி நடுங்கள். நட்ட அன்று ஒரு முறை லேசாகத் தண்ணீர். அதன்பிறகு முளை வெளியே தெரியும்வரை கையைக் கட்டிக்கொண்டிருக்க வேண்டும். இதுதான் கடினமான பகுதி. தினமும் காலையில் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றிப் பழகிய கை சும்மா இருக்காது. என் வீட்டில் தொட்டி மேல் ஒரு காகிதத்தில் "ஊற்ற வேண்டாம்" என்று எழுதிக் குத்தி வைத்தேன். முளைக்க இரண்டு வாரமும் ஆகலாம், நான்கு வாரமும் ஆகலாம். இலை வந்தபிறகு விரலை ஒரு கணு ஆழம் மண்ணில் விட்டுப் பார்த்து, காய்ந்திருந்தால் ஊற்றலாம். காலையில், மண்ணின் ஓரமாக. இலை மேல், தண்டின் அடியில் படக்கூடாது.

உரத்தில் தழைச்சத்து குறைவாகவும் சாம்பல் சத்து கூடுதலாகவும் இருக்கட்டும். தக்காளிக்கு விற்கும் உரத்தைச் சொன்ன அளவில் பாதி கரைத்து, இரண்டு வாரத்துக்கு ஒரு முறை. தழைச்சத்து கூடினால் இலை யானைக்காது போல விரியும், தண்டு கொழகொழவென்று ஆகி நோய்க்கு வழிவிடும்.

ஒரு நாள் வேலையில் இருக்கும்போது மாமியார் தொலைபேசியில் கூப்பிட்டார். "செடி அழுவுதும்மா" என்றார். எனக்கு "அழுகுது" என்று கேட்டது. போன ஆண்டைப் போல ஆகிவிட்டதே என்று மனம் உடைந்து வீட்டுக்கு வந்தால், இலை நுனியில் ஒரு சொட்டுத் தண்ணீர் முத்து போல நிற்கிறது. அவர் சொன்னது கண்ணீரைத்தான். ஈரம் நிறைந்த இரவில் வேர் உறிஞ்சிய கூடுதல் நீரை இந்தக் குடும்பத்துச் செடிகள் இலை நுனி வழியாக வெளியேற்றும். சேம்பு இலையிலும் விடியற்காலையில் பார்க்கலாம். நோய் அல்ல. ஆனால் தினமும் அப்படிச் சொட்டினால் தண்ணீர் கொஞ்சம் கூடுதல் என்று எடுத்துக்கொள்ளலாம்.

தாழ்வாரத்தில் வைப்பவர்கள்

வீவக வீட்டில் தோட்டம் என்றால் பெரும்பாலும் தாழ்வாரம்தான். காலை வெயில் விழும் கிழக்குப் பக்கத் தாழ்வாரம் கலா லில்லிக்கு ஏற்றது. மாலை வெயில் விழும் மேற்குப் பக்கமானால் சுவரே சூடேறி இரவு வரை அனலைக் கக்கும், அங்கே வேண்டாம்.

தொட்டி வைத்தபின் நடந்து செல்வதற்கு 1.2 மீட்டர் அகலம் தடையின்றி இருக்க வேண்டும் என்பது தீப்பாதுகாப்பு விதி. படுக்கையோடு நோயாளியைத் தூக்கிச் செல்லும் அவசர மருத்துவ உதவியாளருக்கு அந்த இடம் தேவை. கைப்பிடிச் சுவர் மேல் தொட்டி வைப்பதைப் பற்றிச் சொல்லவே வேண்டாம், கீழே நடப்பவரின் தலையில் விழுந்தால் குற்ற வழக்குதான்.

கலா லில்லி ஈரம் விரும்பி என்று படித்துவிட்டுத் தொட்டிக்கு அடியில் தட்டு வைத்து அதில் தண்ணீர் தேக்குகிறவர்கள் உண்டு. ஏடிஸ் கொசு முட்டையிலிருந்து பறக்கும் கொசுவாக ஒரு வாரம் போதும். தேசிய சுற்றுப்புற வாரியத்தின் அதிகாரிகள் வந்து புழுவைக் கண்டுபிடித்தால் வீட்டுக்காரருக்கு அபராதம் 200 வெள்ளியிலிருந்து தொடங்குகிறது. பணத்தைவிட, பக்கத்து வீட்டுக் குழந்தைக்கு டெங்கி வந்தால் அந்தத் தாயின் முகத்தைப் பார்க்க முடியாது. வண்ண வகைக்குத் தட்டே தேவையில்லை. மேல்மண் இறுகித் தண்ணீர் தேங்கினாலும் கொசு முட்டையிடும், வாரத்துக்கு ஒரு முறை ஒரு குச்சியால் கிளறிவிடுங்கள்.

தரைத் தோட்டத்தில் நடலாமா என்றால், தரைவீட்டிலும் சமூகத் தோட்டத்திலும் நான் பரிந்துரைக்க மாட்டேன். சிங்கப்பூரில் ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை. களிமண் பாத்தியில் ஒரே மாலை மழை கிழங்கை ஊற வைத்துவிடும். உயர்த்திய பாத்தியில், மேலே கூரையோடு ஒருவேளை முடியலாம். நான் முயன்றதில்லை.

குழந்தையும் பூனையும்

சேனைக்கிழங்கு நறுக்கினால் கை அரிக்கும், சரியாக வேகாவிட்டால் தொண்டை அரிக்கும். அதற்காகத்தான் புளி சேர்க்கிறோம். அரிப்புக்குக் காரணம் அதில் இருக்கும் கால்சியம் ஆக்சலேட் என்ற ஊசி வடிவப் படிகங்கள். கலா லில்லியின் இலை, தண்டு, பூ, கிழங்கு எல்லாவற்றிலும் அதே ஊசிகள். மாடு வாய் வைக்காததன் ரகசியம் அதுதான். இதைப் புளி போட்டு வேகவைத்தாலும் சாப்பிடக்கூடாது.

தவழும் குழந்தை இலையைக் கடித்தால் உதடும் நாக்கும் உடனே எரியும், வீங்கும். வாயைத் துடைத்து, தண்ணீரில் கொப்பளிக்க வைத்து, குளிர்ந்த பாலோ தண்ணீரோ சிறிது கொடுக்கலாம். வாந்தி எடுக்க வைக்காதீர்கள். மூச்சு விடத் திணறினாலோ, எச்சில் விழுங்க முடியாமல் வழிந்தாலோ 995ஐ அழையுங்கள். செடியைத் தொட்ட கையால் கண்ணைத் தேய்க்கக் கூடாது.

2024 செப்டம்பர் 1 முதல் வீவக வீடுகளில் பூனை வளர்க்க அனுமதி இருப்பதால் இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். கலா லில்லியைக் கடித்தால் பூனைக்கு வாய் எரியும், எச்சில் ஒழுகும், வாந்தி வரலாம். உயிருக்கு ஆபத்து ஏற்படுவது அரிது. ஆனால் பூங்கொத்துகளில் வரும் நட்சத்திர வடிவ உண்மையான லில்லி பூனையின் சிறுநீரகத்தையே அழித்துவிடும், அதன் மகரந்தத் தூள் உடம்பில் பட்டு நக்கினால் கூட. பெயர் ஒன்று போல இருப்பதால் வரும் ஆபத்து இது. பூனை வைத்திருப்பவர்கள் இரண்டையும் தவிர்ப்பது நல்லது.

இவ்வளவு பாடு வேண்டாம் என்பவர்களுக்கு

அதே உருவம், அதே வெள்ளை, ஆனால் நம் சூட்டைத் தாங்கும் ஒன்று இருக்கிறது. ஸ்பாத்திஃபிலம் என்பது அதன் பெயர், கடையில் பீஸ் லில்லி என்று கேட்டால் தருவார்கள். வெப்பமண்டல அமெரிக்காவின் காட்டு நிழலில் வளர்ந்தது, ஆகவே வெளிச்சம் குறைந்த தாழ்வாரமும் அதற்குப் போதும். தண்ணீர் போதாவிட்டால் இலையைத் தொங்கப் போட்டுச் சொல்லும், ஊற்றினால் இரண்டு மணி நேரத்தில் நிமிரும். இதற்கும் அரிப்பு உண்டு, குழந்தைக்கு எட்டாமல் வைக்க வேண்டும். வீட்டுக் காற்றைச் சுத்தம் செய்யும் என்று கடையில் சொல்வதை மட்டும் நம்பாதீர்கள். ஒரு சன்னலைத் திறந்து வைப்பது செய்யும் வேலையை ஒரு தொட்டி செய்யாது.

நிறம்தான் வேண்டும் என்றால் அந்தூரியம், கலேடியம். சமூகத் தோட்டத்தின் ஈரப் பாத்திக்குக் கருஞ்சேம்பு. இல்லாவிட்டால் பூவை மட்டும் வாங்குங்கள். வெட்டிய கலா லில்லியைக் குவளையில் நான்கு விரல் ஆழத் தண்ணீரில் வைத்தால் ஒரு வாரத்துக்கு மேல் நிற்கும். குவளை நிறையத் தண்ணீர் ஊற்றினால் தண்டு கூழாகிவிடும். தண்ணீரை நாள்தோறும் மாற்றுங்கள், கொசுவுக்கும் அது நல்லதல்ல.

மாமியாரை ஒரு நாள் கரையோரப் பூந்தோட்டங்களின் குளிர் மாடங்களுக்கு அழைத்துப் போனேன். மலர்க்கூடத்தின் வெப்பநிலையை 23லிருந்து 25 டிகிரிக்குள் வைத்திருக்கிறார்கள். தென்னாப்பிரிக்கச் செடிகளுக்கென்றே அங்கு ஒரு பகுதி உண்டு. மேகக் காடு மாடமோ 1,000லிருந்து 3,000 மீட்டர் உயர மலைகளின் ஈரக் குளிரை அப்படியே உருவாக்கியது. கோத்தகிரி அந்த உயரத்துக்குள் வருகிறது. கலா லில்லி அன்று கண்ணில் படவில்லை. நீர்வீழ்ச்சிக்குக் கீழே நின்றபடி சேலையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, "இந்தக் காத்துதான்" என்றார். அவ்வளவுதான் பேசினார். நம் தொட்டிக்கு என்ன குறை என்று எனக்கும் அப்போதுதான் சரியாக உறைத்தது.

மூன்றாவது முயற்சியில் நவம்பர் இரண்டாம் வாரம் நட்ட மஞ்சள் கலப்பினக் கிழங்கு பிப்ரவரியில் இரண்டு பூ கொடுத்தது. கடைப் பூவைவிடச் சிறியது, இதழ் நுனியில் பச்சை ஓடியிருந்தது. மாமியார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கிட்டப் போய்ப் பார்த்தார். "நிறம் இது இல்ல. எங்க ஊர்ப் பூ வெள்ளை" என்றார். பிறகு அதைப் படம் எடுத்து ஊரில் இருக்கும் தங்கைக்கு அனுப்பச் சொன்னார்.

பூ முடிந்ததும் பூத்தண்டை மட்டும் அடியில் வெட்டிவிட்டு, இலையை அதன் போக்கில் விட வேண்டும். அடுத்த இரண்டு மாதம் அந்த இலைதான் கிழங்கை நிரப்பும். இலை மஞ்சளாகத் தொடங்கியதும் தண்ணீரை நிறுத்தி, முழுதும் காய்ந்தபின் கிழங்கைத் தோண்டி, மண்ணைத் தட்டி, நிழலில் ஒரு வாரம் உலர்த்துங்கள். செய்தித்தாளில் சுற்றி, துளையிட்ட காகிதப் பையில் போட்டுக் குளிர்பதனப் பெட்டியின் காய்கறித் தட்டில் இரண்டு மூன்று மாதம். நாம் தரக்கூடிய குளிர்காலம் அதுதான். பழுக்கும் பழங்களோடு சேர்த்து வைக்காதீர்கள், அவற்றிலிருந்து வரும் எத்திலீன் வாயு மொட்டைக் கெடுக்கக்கூடும். நவம்பர் வரை இன்னும் நாள் இருந்தால் அங்கேயே இருக்கட்டும், மாதம் ஒரு முறை அமுக்கிப் பார்த்து மென்மையாகிவிட்டதை மட்டும் எறிந்துவிடுங்கள். சிங்கப்பூர் வெப்பத்தில் கிழங்கு ஆண்டுக்கு ஆண்டு சிறுக்கும், இரண்டாம் ஆண்டு ஒரு பூ வந்தாலே பெரிது.

பையின் மேல் பெரிய எழுத்தில் பெயர் எழுதி வையுங்கள். எங்கள் வீட்டில் தீபாவளி சமயத்தில் உதவிக்கு வந்த உறவினர் ஒருவர் காய்கறித் தட்டிலிருந்து அதை எடுத்து, சேப்பங்கிழங்கு என்று நினைத்து ரோஸ்ட் செய்யக் குக்கருக்குள் போட்டுவிட்டார். அடுப்பைப் பற்ற வைப்பதற்குள் மாமியார் பார்த்துவிட்டார். இப்போது அந்தப் பை ஒரு பழைய பிஸ்கட் டின்னுக்குள் இருக்கிறது. மூடியில் "சமைக்காதே" என்று அவர் கையெழுத்திலேயே எழுதி ஒட்டியிருக்கிறார்.